பிரசவ அறையில் மோதும் இரண்டு உத்தரவுகள்: ஆப்கான் மருத்துவச்சிகள் குறித்த ஒரு நிகழ்வு ஆய்வு

2024 டிசம்பர் 2, திங்கட்கிழமை. காபூலில் தனியார் மருத்துவப் பயிற்சி நிலையங்களை நடத்துபவர்களைத் தாலிபான் அரசின் பொதுச் சுகாதார அமைச்சகம் அழைத்து, ஒரு செய்தியை வாய்மொழியாகச் சொல்லி அனுப்பியது. பெண்களுக்கு இனி வகுப்பு கிடையாது; உச்சத் தலைவர் ஹிபத்துல்லா அகுந்த்சாதாவின் ஆணை. கையில் கடிதம் எதுவும் தரப்படவில்லை. மறுநாளே மாணவிகளிடம் இனி வர வேண்டாம் என்று சொல்லப்பட்டது. சில நிலையங்களுக்கு மட்டும் தேர்வுகளை முடித்துக்கொள்ளச் சில நாள் அவகாசம் கிடைத்தது. மருத்துவச்சி, செவிலியர் போன்ற படிப்புகளில் அப்போது ஏறக்குறைய 17,000 பெண்கள் இருந்ததாக பிபிசி தெரிவித்தது. அவர்களில் சிலர் பாடிக்கொண்டே கட்டடத்தை விட்டு வெளியேறிய காணொளிகள் அந்த வாரம் உலகமெங்கும் பரவின.

2021 ஆகஸ்டில் தாலிபான் ஆட்சி திரும்பியது முதல் ஆப்கான் பெண்கள்மீது விழுந்த தடைகளின் பட்டியல் நீளமானது. உயர்நிலைப் பள்ளி, பல்கலைக்கழகம், பெரும்பாலான அரசு வேலைகள், தொண்டு நிறுவன வேலை, பூங்கா, அழகு நிலையம் என்று ஒவ்வொன்றாகப் பறிபோயின. அவற்றில் இந்த ஒன்றை மட்டும் எடுத்து ஆராயக் காரணம் உண்டு. பெண் நோயாளியைப் பெண்ணே பார்க்க வேண்டும் என்று வற்புறுத்தும் அதே ஆட்சிதான் பெண் மருத்துவம் கற்கக் கூடாது என்றும் சொல்கிறது. இரண்டு உத்தரவுகளும் பிரசவ அறையில் வந்து மோதுகின்றன. அங்கே வலியோடு படுத்திருப்பவளிடம் ஆண் வரக் கூடாது. வருவதற்குப் பெண்ணும் இருக்க மாட்டாள். கல்வி உரிமையைத் தனியாகவும் உயிர் வாழும் உரிமையைத் தனியாகவும் பேசி நாம் பழகிவிட்டோம். ஆப்கானிஸ்தானில் ஒன்றை வெட்டினால் மற்றதும் சேர்ந்தே அறுகிறது. இருபது ஆண்டுக் கணக்கு அதற்குச் சாட்சியாக இருக்கிறது.

ராக் மாவட்டத்தின் கணக்கு

போர் முடிந்துவிட்டது என்று உலகம் நம்பிய முதல் ஆண்டு 2002. அந்த ஆண்டு ஆப்கான் பொதுச் சுகாதார அமைச்சகமும் யுனிசெஃப் அமைப்பும் அமெரிக்க நோய்க் கட்டுப்பாட்டு மையமும் சேர்ந்து நான்கு இடங்களில் வீடு வீடாகப் பேறுகால மரணங்களைக் கணக்கெடுத்தன. தலைநகர் காபூல், லக்மான் மாகாணத்தின் அலிஷெங், காந்தஹாரின் மைவந்த், வடகிழக்கில் பதக்‌ஷான் மாகாணத்தின் ராக். 1 லட்சம் உயிருள்ள பிறப்புகளுக்குக் காபூலில் 418 தாய்மார்கள் இறந்திருந்தார்கள். அலிஷெங்கில் 774. மைவந்தில் 2,182. ராக்கில் 6,507. அதுவரை உலகில் எங்கும் பதிவாகாத எண்ணிக்கை அது.

6,507 என்றால், நூறு குழந்தைகள் பிறக்கும் ஊரில் ஆறேழு தாய்மார்கள் பிரசவத்தோடு போய்விடுகிறார்கள். ஒருத்தி ஐந்தாறு முறை கருத்தரிப்பது வழக்கமாக இருந்த இடத்தில், அவள் ஒவ்வொரு முறையும் இந்த ஆபத்தைப் புதிதாகக் கடக்க வேண்டியிருந்தது. ராக் உயரமான மலைப் பிரதேசம். பனிக்காலத்தில் உலகத் தொடர்பே அற்றுப்போகும். அறுவைச் சிகிச்சை செய்யக்கூடிய மருத்துவமனைக்குக் கழுதையிலோ ஆட்களின் தோளிலோ பல நாள் பயணம். அங்கே இறந்தவர்களில் அதிகம் பேர் பிரசவம் தடைபட்டு இறந்தவர்கள். குழந்தையின் தலை இடுப்பெலும்பில் சிக்கி, வலி நாட்கணக்கில் நீண்டு, கருப்பை கிழிந்து, உடம்பு ஓய்ந்து போனவர்கள். தாய் இறந்துபோக உயிரோடு பிறந்த குழந்தைகளிலும் பெரும்பாலானவை முதலாண்டைத் தாண்டவில்லை.

மலையை மட்டும் குற்றம் சொல்ல முடியாது. மலையும் பனியும் உள்ள நாடுகள் வேறு எத்தனையோ உண்டு. மைவந்தில் ராக்கைப் போன்ற மலையே கிடையாது, அங்கும் 2,182. 2002-இல் ஆப்கானிஸ்தான் முழுவதற்கும் இருந்த பயிற்சி பெற்ற மருத்துவச்சிகள் 467 பேர். கோடிக்கணக்கான மக்கள் வாழும் நாட்டுக்கு அவ்வளவுதான்.

அந்த 467-க்கு ஒரு வரலாறு இருக்கிறது. 1979 முதல் சோவியத் படையோடு பத்தாண்டுப் போர், பிறகு அந்தப் படையை எதிர்த்த முஜாகிதீன் குழுக்களுக்குள் நடந்த சண்டை. படித்தவர்கள் வெளியேறினார்கள், நிறுவனங்கள் இடிந்தன. 1996 செப்டம்பரில் காபூலைப் பிடித்த தாலிபான்கள் பெண்கள் படிப்பதை நிறுத்தினார்கள். 1997-இல் காபூல் பெண்கள் எல்லோரும் ராபியா பல்கி என்ற ஒரே மருத்துவமனைக்குத்தான் போக வேண்டும், மற்றவை ஆண்களுக்கு என்று உத்தரவிட்டார்கள். வசதியே இல்லாத கட்டடம் அது. செஞ்சிலுவைச் சங்கம் பேச்சுவார்த்தை நடத்திய பிறகே அந்த உத்தரவு தளர்ந்தது. காபூலின் பெயர்பெற்ற அறுவைச் சிகிச்சை மருத்துவர் சுஹைலா சித்தீக்கை வேலையிலிருந்து அனுப்பிவிட்டு, அவர் இல்லாமல் நடக்காது என்று கண்டதும் தாலிபான்களே திரும்ப அழைத்தார்கள். புர்கா அணிய மாட்டேன் என்ற பிடியைக் கடைசி வரை அவர் விடவில்லை. தாலிபான் ஆட்சி விழுந்து 2001 இறுதியில் அமைந்த இடைக்கால அரசில் அவரே பொதுச் சுகாதார அமைச்சரானார்.

ஏற்கெனவே படித்து முடித்திருந்த பெண்களை வேலை செய்ய விட்டார்கள். புதியவர்களை உருவாக்கும் வழியை அடைத்தார்கள். 1990-களில் நடந்தது அதுதான். இன்று நடப்பதைப் புரிந்துகொள்ள இந்த ஒன்றை மனதில் வைத்துக்கொண்டால் போதும்.

ஊர் அனுப்பிய பெண்

2002-க்குப் பிறகு ஆப்கானிஸ்தானில் கொட்டப்பட்ட வெளிநாட்டுப் பணத்தில் வீணானது ஏராளம். ஆனால் சமுதாய மருத்துவச்சிப் பயிற்சி என்ற திட்டம் வேலை செய்தது. அது வேலை செய்த விதத்தைச் சற்று நிதானமாகப் பார்க்க வேண்டும். ஏனென்றால், ஆப்கான் சமூகம் பெண் கல்வியை ஏற்காது என்ற வாதத்துக்கு அதற்குள்ளேயே பதில் இருக்கிறது.

நகரத்தில் படித்த பெண்ணை மலைக் கிராமத்துக்கு அனுப்பினால் அவள் தங்க மாட்டாள். தங்க அவள் குடும்பமும் விடாது. அதனால் திட்டம் தலைகீழாகத் தொடங்கியது. எந்தச் சுகாதார நிலையத்தில் மருத்துவச்சி இல்லையோ, அந்த ஊரிடமே ஒரு பெண்ணைத் தேர்ந்தெடுத்துத் தரச் சொன்னார்கள். ஊர்ப் பெரியவர்களின் சபையான ஷூரா ஒப்புதல் தர வேண்டும். கணவனோ தகப்பனோ சம்மதிக்க வேண்டும். படித்து முடித்ததும் அவள் அதே ஊருக்குத் திரும்பி வேலை பார்ப்பாள் என்று எல்லோரும் சேர்ந்து உறுதி கொடுக்க வேண்டும். பல மாவட்டங்களில் பள்ளிப் படிப்பை முழுதாக முடித்த பெண்ணே கிடையாது என்பதால் ஆரம்பத்தில் கல்வித் தகுதியைத் தாழ்த்தினார்கள். திருமணமான பெண்களும் வந்தார்கள். அவர்களுக்காக மாகாணத் தலைநகரில் விடுதியும், கைக்குழந்தையைப் பார்த்துக்கொள்ளும் ஏற்பாடும் இருந்தன. மாமியாரோ அக்காவோ கூடவே வந்து தங்கி, இவள் வகுப்பில் இருக்கும்போது பிள்ளையைப் பார்த்துக்கொண்டார்கள். பதினெட்டு மாதங்களில் தொடங்கிய பயிற்சி பிறகு இரண்டு ஆண்டாக நீண்டது. 2005-இல் ஆப்கான் மருத்துவச்சிகள் தங்களுக்கென ஒரு சங்கமும் அமைத்துக்கொண்டார்கள்.

இதில் எனக்கு மிக முக்கியமாகப் படுவது அந்த ஷூராவின் ஒப்புதல். மனைவியையும் மகளையும் பறிகொடுத்த ஆண்கள் அமர்ந்திருந்த சபைகள் அவை. பெண்ணை வெளியூருக்குப் படிக்க அனுப்புவதில் தயக்கம் இருந்திருக்கும். கெட்ட பெயர் வருமோ என்ற பயமும் இருந்திருக்கும். அதையெல்லாம் மீறி அனுப்பினார்கள். மரபுக்கும் பெண்ணின் உயிருக்கும் நடுவே ஒரு வழியைத் தாங்களே கண்டுபிடித்தார்கள். இன்று மரபின் பெயரால் தடை விதிப்பவர்கள் அந்தச் சபைகளிடம் கேட்டுவிட்டு விதிக்கவில்லை.

திரும்பி வந்த பெண் என்ன செய்தாள்? ஒரே ஒரு காட்சியை எடுத்துக்கொள்வோம். குழந்தை வெளியே வந்துவிட்டது. அடுத்த நிமிடமே மருத்துவச்சி தாயின் தொடையில் ஆக்ஸிடோசின் ஊசி போடுகிறாள். அடிவயிற்றில் ஒரு கையை ஊன்றிக்கொண்டு, மறு கையால் தொப்புள்கொடியைப் பிடித்து நஞ்சுக்கொடியை நிதானமாக வெளியே எடுக்கிறாள். எடுத்ததைத் திருப்பித் திருப்பிப் பார்க்கிறாள். ஒரு துண்டு உள்ளே தங்கினாலும் உதிரம் நிற்காது. பிறகு வயிற்றின்மேல் கையை வைத்து அழுத்திப் பார்க்கிறாள். கருப்பை சுருங்கிக் கெட்டியாகத் தட்டுப்பட வேண்டும். தொளதொளவென்று இருந்தால் அது உதிரப்போக்கின் அறிகுறி. உள்ளங்கையால் விடாமல் தேய்த்துக் கொடுக்க வேண்டும், மறுபடி மருந்து தர வேண்டும், இரத்தக் குழாயில் திரவம் ஏற்ற வேண்டும், மேல் மருத்துவமனைக்கு வண்டிக்கும் சொல்ல வேண்டும். கவனிப்பார் இல்லாத உதிரப்போக்கு சுமார் இரண்டு மணி நேரத்துக்குள் ஒரு தாயைக் கொன்றுவிடும். கெட்டியான கருப்பைக்கும் தளர்ந்த கருப்பைக்கும் உள்ள வித்தியாசத்தைப் புத்தகம் கற்றுத்தராது. அனுபவமுள்ள இன்னொரு பெண் பக்கத்தில் நின்று, கையைப் பிடித்து வைத்துக் காட்டித்தான் தெரியும். அந்தக் கையிலிருந்து இந்தக் கைக்கு வரும் சங்கிலியைத்தான் 2024 டிசம்பர் அறுத்தது.

எண்களை நம்பலாமா?

2010-இல் நடந்த நாடு தழுவிய ஆய்வு பேறுகால மரண விகிதம் 327 என்றது. உதவி நாடுகள் கொண்டாடின. 2015-இல் நடந்த இன்னொரு ஆய்வு 1,291 என்றது, கொண்டாட்டம் அடங்கிவிட்டது. இரண்டு ஆய்வுகளுக்கும் குறைகள் உண்டு. போரினால் போக முடியாத பகுதிகள், பெண்களின் பெயரை வெளியாரிடம் சொல்லக் கூசும் குடும்பங்கள், அடக்கம் செய்ததோடு மறைக்கப்பட்ட மரணங்கள் என்று காரணங்கள் பல. ஆகவே வெற்றிக்கதை சொல்லவும் இந்த எண்களை இழுக்கலாம், தோல்விக்கதை சொல்லவும் இழுக்கலாம்.

என் பார்வையில் இவை இரண்டையும்விட நம்பத்தகுந்த சான்று ஒன்று இருக்கிறது. 2011-இல் ஆய்வாளர்கள் மறுபடியும் அதே ராக் மாவட்டத்துக்கும் காபூலுக்கும் போய், ஏறக்குறைய அதே முறையில் எண்ணினார்கள். ராக்கில் 6,507 ஆக இருந்தது 713 ஆகக் குறைந்திருந்தது. காபூலில் 418-லிருந்து 166. அந்த மலைகள் அப்படியேதான் இருந்தன. வறுமையும் பெரிதாக மாறிவிடவில்லை. சாலை, சுகாதார நிலையம், தடுப்பூசி, மருத்துவச்சி ஆகியவை வந்திருந்தன. இவற்றில் எது எவ்வளவு உதவியது என்று பிரித்துச் சொல்வது கடினம். ஆனால் மருத்துவச்சி இல்லாத சுகாதார நிலையத்துக்குப் பிரசவத்துக்காக ஒரு ராக் பெண் படியேறியிருக்க மாட்டாள் என்பது உறுதி. நாடு முழுவதுக்குமாக ஐ.நா. அமைப்புகளின் அண்மைய மதிப்பீடு, 2023-ஆம் ஆண்டுக்கு, 521. இதுவும் உலகின் மிக மோசமான எண்ணிக்கைகளில் ஒன்றுதான். குறைந்தது என்பதும் உண்மை. போதாது என்பதும் உண்மை.

இந்த ஆண்டுகளை அமைதிக் காலம் என்று நினைத்துவிடக் கூடாது. 2015 அக்டோபர் 3 அன்று குந்தூஸ் நகரில் எல்லைகளற்ற மருத்துவர்கள் அமைப்பின் மருத்துவமனையை அமெரிக்க விமானம் தாக்கியதில் 42 பேர் இறந்தார்கள். 2020 மே 12 அன்று காபூலின் மேற்குப் பகுதியில், ஷியா சிறுபான்மையினரான ஹசாரா மக்கள் நெருங்கி வாழும் தஷ்த்-இ-பர்ச்சியில், அதே அமைப்பு நடத்திய மகப்பேறு பிரிவுக்குள் துப்பாக்கிக்காரர்கள் புகுந்தார்கள். மற்றப் பிரிவுகளைத் தாண்டி நேராகத் தாய்மார்கள் படுத்திருந்த இடத்துக்குப் போனார்கள். 24 பேர் கொல்லப்பட்டனர். அவர்களில் பெரும்பாலோர் தாய்மார்கள், ஒருவர் மருத்துவச்சி. தாக்குதலுக்கு யாரும் பொறுப்பேற்கவில்லை. ஆண்டுக்கு 16,000 பிரசவங்கள் வரை நடந்த இடத்திலிருந்து அந்த அமைப்பு அடுத்த மாதமே விலகியது. 2021 வரை இருந்த குடியரசு அரசின் காலத்திலும் சண்டை நடந்த மாவட்டங்களின் பெண்களுக்கு மருத்துவச்சி எட்டாக் கனிதான். பயிற்சி பெற்றவர்களில் கணிசமானோர் நகரங்களில் குவிந்தார்கள். லாபத்துக்காக முளைத்த தனியார் நிலையங்களில் பிரசவ அறையைச் சரியாகப் பார்க்காமலே சான்றிதழ் பெற்றவர்களும் இருந்தார்கள். அந்தக் காலத்தைப் பொற்காலமாக்கினால் ஆப்கான் பெண்களுக்கு நாம் செய்வது அநீதி.

2021 செப்டம்பரிலேயே எழுதப்பட்ட தீர்ப்பு

இப்போது தடையின் கணக்குக்கு வருவோம். பொதுவாக எல்லோரும் 2024 டிசம்பரிலிருந்து தொடங்குகிறார்கள். நான் மூன்று ஆண்டுகள் பின்னால் போகச் சொல்வேன்.

2021 செப்டம்பரில் ஏழாம் வகுப்பு முதல் ஆண்பிள்ளைகளுக்கு மட்டும் பள்ளி திறந்தது. 2022 மார்ச் 23 அன்று பெண்களுக்கும் திறக்கும் என்று அறிவித்தார்கள். சீருடை போட்டுக்கொண்டு வந்த பிள்ளைகளைச் சில மணி நேரத்திலேயே வீட்டுக்குத் திருப்பி அனுப்பினார்கள். அதே ஆண்டு டிசம்பர் 20-இல் பல்கலைக்கழகமும் மூடப்பட்டது. மருத்துவச்சிப் படிப்புக்குச் சேரப் பன்னிரண்டாம் வகுப்பு முடித்திருக்க வேண்டும். ஏழாம் வகுப்புக்குப் போக முடியாதவள் பன்னிரண்டை எப்படி முடிப்பாள்? ஆக, பயிற்சி நிலையங்களுக்கு வந்துகொண்டிருந்தவர்கள் தடைக்கு முன்பே பள்ளி முடித்த பெண்கள். அந்தக் கையிருப்பு ஆண்டுக்கு ஆண்டு குறைந்துகொண்டிருந்தது. 2024 டிசம்பர் ஆணை வராமலே இருந்திருந்தாலும், சில ஆண்டுகளில் அந்த வகுப்பறைகள் ஆளில்லாமல் தாமாகவே காலியாகியிருக்கும். ஆணை செய்தது அந்த நாளை முன்னால் இழுத்ததுதான்.

பல்கலைக்கழகம் மூடிய பிறகு மருத்துவப் பயிற்சி நிலையம் மட்டுமே திறந்திருந்த கதவு. பொறியாளராகவோ வழக்கறிஞராகவோ பத்திரிகையாளராகவோ ஆக நினைத்திருந்த பெண்கள் பலர் அதனால்தான் இங்கே சேர்ந்தார்கள். அரசுக்கும் இது தெரியாமல் இல்லை. 2024 தொடக்கத்தில்கூடப் பத்துக்கும் மேற்பட்ட மாகாணங்களின் அரசு மருத்துவப் பயிற்சி நிலையங்களில் பெண்கள் சேரலாம் என்று அரசுத் தரப்பிலேயே சொல்லப்பட்டது. அந்த ஆண்டு முடிவதற்குள் எல்லாம் மாறிவிட்டது. நாட்டுக்குக் கூடுதலாக 18,000 மருத்துவச்சிகள் தேவை என்று ஐ.நா. சொல்லிக்கொண்டிருந்த நேரம் அது. பெண் கல்விமீதான தடைகளால் 2026-க்குள் பேறுகால மரண ஆபத்து குறைந்தது 50 சதவிகிதம் கூடலாம் என்பது ஐ.நா. பெண்கள் அமைப்பின் மதிப்பீடு.

சட்டம் படித்தவர்கள் இதில் வேறு ஒன்றையும் கவனிப்பார்கள். ஆணை எழுத்தில் இல்லை. எழுத்தில் இல்லாத ஆணையை எதிர்த்து எங்கே முறையிடுவது? ஒரு மாகாணத்தில் கடுமையாகவும் அடுத்ததில் சற்றுத் தளர்வாகவும் அதை நடத்தலாம். வெளிநாட்டுத் தூதர் கேட்டால் அப்படி ஒன்று இல்லை என்றும் சொல்லலாம். 2025 நவம்பரில் ஹெராத் மண்டல மருத்துவமனையிலும் இதுவே நடந்தது. நோயாளிகளும் பெண் ஊழியர்களும் புர்கா அணிந்தால்தான் உள்ளே விடுகிறார்கள் என்றும், அவசரச் சேர்க்கை முதல் நாட்களிலேயே 28 சதவிகிதம் குறைந்தது என்றும் எல்லைகளற்ற மருத்துவர்கள் அமைப்பு சொன்னது. தாலிபான் தரப்பு மறுத்தது. வாசலில் தடுக்கப்பட்ட கர்ப்பிணி எந்தத் தாளைக் காட்டி வாதாடுவாள்?

உள்ளிருந்து எழுந்த குரல்கள்

இந்தத் தடையை இஸ்லாத்தின் கணக்கில் எழுதுபவர்களோடு எனக்கு உடன்பாடில்லை. 2022-இல் பல்கலைக்கழகத் தடை வந்தபோது, சன்னி இஸ்லாமியக் கல்வியின் முதன்மை பீடமான எகிப்தின் அல்-அஸ்ஹரின் பெரிய இமாம் அது ஷரியாவுக்கு முரணானது என்று வெளிப்படையாகக் கண்டித்தார். 2024 டிசம்பரில் கிரிக்கெட் வீரர் ரஷீத் கான், இஸ்லாத்தில் கல்விக்கு இருக்கும் இடத்தையும் நாட்டில் பெண் மருத்துவர், செவிலியர் பற்றாக்குறையையும் சுட்டிக்காட்டி, முடிவை மறுபரிசீலனை செய்யக் கேட்டு எழுதினார். சக வீரர் முகமது நபியும் குரல் கொடுத்தார். ஆப்கான் இளைஞர்கள் தலையில் வைத்துக் கொண்டாடும் இந்த வீரர்களின் குடும்பங்கள் அந்த மண்ணில் வேரூன்றியவை. அவர்களுக்கு இது சாதாரணத் துணிச்சல் இல்லை. 2025 ஜனவரியில் தாலிபான் அரசின் வெளியுறவுத் துணை அமைச்சர் ஷேர் அப்பாஸ் ஸ்தானிக்ஸாயே, ஒரு மதரசா விழாவில், பெண்களுக்குக் கல்வியை மறுக்க எந்த நியாயமும் இல்லை, இது அநீதி என்று பேசினார். விரைவிலேயே அவர் நாட்டை விட்டு வெளியேறினார் என்று செய்தி வந்தது.

உச்சத் தலைவர் தங்கியிருக்கும் காந்தஹாரில் உள்ள ஒரு சிறு வட்டத்தின் முடிவு, அமைச்சர்களாலேயே கேள்வி கேட்க முடியாத அளவுக்கு இறுகிக்கிடக்கிறது என்பதையே இவை காட்டுகின்றன. 2025 ஜூலை 8 அன்று சர்வதேசக் குற்றவியல் நீதிமன்றம் அகுந்த்சாதாவுக்கும் தலைமை நீதிபதி அப்துல் ஹக்கீம் ஹக்கானிக்கும் எதிராக, பாலின அடிப்படையிலான துன்புறுத்தல் குற்றத்துக்காகக் கைதாணை பிறப்பித்தது. ஆணை இருக்கிறது. நிறைவேற்றுவார் இல்லை.

உதவி நாடுகளின் பங்கையும் சொல்லாமல் விட முடியாது. 2021 ஆகஸ்டில் காபூல் வீழ்ந்ததும், 2,000-க்கும் மேற்பட்ட சுகாதார நிலையங்களைத் தாங்கிக்கொண்டிருந்த உலக வங்கி வழி நிதி ஒரே நாளில் நின்றது. மருத்துவச்சிகள் பல மாதங்கள் சம்பளமில்லாமல் பிரசவம் பார்த்தார்கள். பிறகு ஐ.நா. வழியாகப் பணம் வந்தது. 2025-இல் அமெரிக்கா தன் உதவியை வெட்டியபோது நூற்றுக்கணக்கான நிலையங்கள் மூடப்பட்டன. சாலையே போகாத கிராமங்களில், ஒரே ஒரு மருத்துவச்சியை வைத்து ஐ.நா. மக்கள்தொகை நிதியம் நடத்திய குடும்ப நல இல்லங்களும் இந்த வெட்டில் அடிபட்டன. படிக்காதே என்று சொல்வது காந்தஹார். ஏற்கெனவே படித்தவளுக்குச் சம்பளம் தர மாட்டேன் என்று சொன்னது வாஷிங்டன். பிரசவ வலியில் இருக்கும் பெண்ணுக்கு இரண்டும் ஒரே முடிவைத்தான் கொண்டுவருகின்றன.

இப்போது எஞ்சியிருப்பவை

தடைக்குப் பின் சிலர் இணையவழி வகுப்புகளுக்கு மாறினார்கள். மருந்தின் அளவையும் அறிகுறிகளையும் அதில் படிக்கலாம். தளர்ந்த கருப்பையைத் தொட்டுணர முடியாது. அந்த அரைகுறை வழியும் 2025 செப்டம்பரில் ஆட்டங்கண்டது. முதலில் பல மாகாணங்களில் கண்ணாடி இழை இணையம் துண்டிக்கப்பட்டது. செப்டம்பர் 29 முதல் ஏறக்குறைய இரண்டு நாள் நாடு முழுவதுமே இணைப்பின்றி இருண்டது.

அதற்குச் சில வாரங்களுக்கு முன், ஆகஸ்ட் 31 இரவில் குனார் மாகாணத்தை நிலநடுக்கம் தாக்கி 2,000-க்கும் மேற்பட்டோர் இறந்தார்கள். அந்நிய ஆண் தொடக் கூடாது என்ற பயத்தில் இடிபாடுகளில் காயம்பட்ட பெண்களை மீட்பாளர்கள் ஓரமாக விட்டுவிட்டதாகவும், மருத்துவக் குழுக்களில் பெண்களே அரிதாக இருந்ததாகவும் அங்கிருந்து செய்திகள் வந்தன. பிரசவ அறையில் மெதுவாக நடப்பது அங்கே ஒரே இரவில் எல்லோர் கண்ணுக்கும் தெரிந்தது.

உடனடியாகச் செய்யக்கூடிய காரியங்கள் இருக்கின்றன. இன்னும் பணியில் இருக்கும் மருத்துவச்சிகளின் சம்பளத்தை அரசியல் பேரத்திலிருந்து பிரித்து உறுதி செய்யலாம். மூத்தவர்கள் பக்கத்தில் இளம் பெண்களை உதவியாளர் என்ற பெயரில் நிறுத்திக் கற்றுத்தர வழி கிடைக்கும் இடங்களில் அதற்கு நிதி தரலாம். கடைசிப் பருவத்தில் நிறுத்தப்பட்ட மாணவிகள் படிப்பை வெளிநாட்டில் முடிக்க இடமும் விசாவும் தரலாம். முதலாவதை உதவி நாடுகள் நாளையே செய்யலாம். அதற்குத் தாலிபான் அனுமதியே வேண்டாம். இவை எதுவும் பள்ளிக்கு மாற்றாகாது. ஏழாம் வகுப்பு திறக்காதவரை 2030-களின் மருத்துவச்சி பிறக்கவே போவதில்லை. இன்று வேலை செய்பவர்களோ ஓய்வு பெறுவார்கள், நாட்டை விட்டுப் போவார்கள், மணமாகி வீட்டோடு அடைபடுவார்கள்.

இதன் விளைவை எப்போது, எப்படி அறிவோம் என்ற கேள்வியும் மிச்சமிருக்கிறது. ராக்கின் 6,507 உலகத்துக்குத் தெரிந்தது, கணக்கெடுப்பாளர்கள் வீட்டுக்குள் போய் அந்த வீட்டுப் பெண்களோடு உட்கார்ந்து பேச முடிந்ததால்தான். யார் இறந்தாள், எத்தனை மாதம், வலி எத்தனை நாள், உதிரம் போனதா என்று ஒரு தாயிடமோ தங்கையிடமோ கேட்பதற்குப் பெண் களப்பணியாளர் வேண்டும். 2022 டிசம்பர் முதல் தொண்டு நிறுவனங்களில் பெண்கள் வேலை பார்க்கத் தடை. சுகாதாரத் துறைக்கு விலக்கு உண்டு என்றாலும் அது எந்த மாகாணத்தில் எந்த நாள் செல்லும் என்பது உள்ளூர் அதிகாரியின் மனத்தைப் பொறுத்தது. ஆண் துணையின்றி 72 கிலோமீட்டருக்கு மேல் பயணம் செய்யவும் தடை. கணக்கெடுக்கும் பெண்ணும் இல்லாமல் போனால், வரும் ஆண்டுகளில் ஆப்கானிஸ்தானிலிருந்து ஒரு குறைந்த எண் வரக்கூடும். அதைக் காட்டி நிலைமை சீராகிவிட்டது என்று தாலிபான் அரசு சொல்லவும் கூடும். அந்த எண்ணைப் பார்ப்பவர்கள், அதைத் திரட்ட எந்த வீடுகளுக்குள் யார் போனார்கள் என்று முதலில் கேட்க வேண்டும்.